கேசட்டைத் தூக்கிப் போடாதீர்கள்

கேள்வி:

செய்யாறு பக்கத்துக் கிராமம் எங்களுடையது. என் அப்பா தெருக்கூத்துக் கலைஞர். 1990-களில் திரௌபதி அம்மன் திருவிழாக்களில் அவர் கர்ணன் வேடம் கட்டி ஆடிய இரவுகள் மூன்று வீடியோ கேசட்டுகளில் இருக்கின்றன. சென்ற ஆண்டு அவர் காலமானார். அதன் பிறகு ஒரு கடையில் கொடுத்துக் கேசட்டுகளைக் கணினிக் கோப்புகளாக மாற்றி, பென் டிரைவில் வாங்கினோம். டி.வி.யில் போட்டால் ஒரு கோப்பில் சத்தம் மட்டும் வருகிறது, படம் இல்லை. இன்னொன்றில் அப்பா சுழன்று ஆடும்போதெல்லாம் உடம்பைச் சுற்றிக் குறுக்குக் கோடுகள் பிசிறு பிசிறாகத் தெரிகின்றன. எல்லோர் முகமும் அகன்று கிடக்கிறது. மலேசியாவில் இருக்கும் சித்தப்பா மகனுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பினேன். ஒரே மங்கலாக இருக்கிறது என்கிறான். இன்னொரு கோப்பை இணையத்தில் ஏற்றி லிங்க் அனுப்பினால் அது அவனுக்குத் திறக்கவே இல்லை. அவன் யூடியூபில் போட்டுவிட்டால் காலத்துக்கும் இருக்கும் என்று சொல்கிறான். பழைய விசிடி ஒன்றும் உள்ளது. அதைக் கணினி படிக்க மறுக்கிறது. ஒரு கேசட்டின் உள்ளே வெள்ளையாகப் பூத்திருக்கிறது. எல்லாம்தான் மாற்றியாகிவிட்டதே, இனி கேசட்டுகளைத் தூக்கிப் போட்டுவிடலாம் என்று கடைக்காரர் சொன்னார். போட்டுவிடலாமா?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

நீங்கள் கேட்டவற்றில் கடைசிக் கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். கேசட்டுகளைத் தூக்கிப் போடாதீர்கள். பென் டிரைவில் இருப்பது உங்கள் அப்பாவின் ஆட்டத்துக்கு ஒரு நகல். அதுவும் நல்ல நகல் அல்ல என்பது நீங்கள் எழுதியிருக்கும் குறைகளிலிருந்தே தெரிகிறது. மூலம் இன்னும் கேசட்டில்தான் இருக்கிறது. அதிலிருந்து இதைவிட எவ்வளவோ மேலான பிரதி எடுக்க முடியும். அதற்கான காலம் குறுகிக்கொண்டு வருகிறது, அவ்வளவுதான்.

குறுகுகிறது என்று சும்மா சொல்லவில்லை. உங்கள் கேசட்டுகளின் வகையான வி.எச்.எஸ். 1976-இல் ஜப்பானில் வந்தது. கடைசி வரை வி.சி.ஆர்., அதாவது கேசட்டை ஓட்டும் கருவி, தயாரித்துக்கொண்டிருந்த ஃபுனாய் நிறுவனம் 2016 ஜூலையில் உற்பத்தியை நிறுத்திவிட்டது. இன்று ஓடுகிற கருவிகள் எல்லாம் பழையவை. நாடாவைப் படிக்கும் ஹெட் தேய்ந்தால் மாற்ற உதிரி கிடைப்பதில்லை, பழுது பார்க்கத் தெரிந்தவர்களும் அருகிவிட்டார்கள். ஆஸ்திரேலியாவின் தேசியத் திரைப்பட ஒலி ஆவணக் காப்பகம் 2015-லேயே ஓர் எச்சரிக்கை விடுத்தது. 2025-க்குள் கணினிக்கு மாற்றப்படாத காந்த நாடாப் பதிவுகளில் பெரும்பகுதி கைவிட்டுப் போய்விடும் என்பது அதன் சாரம். அந்த ஆண்டும் வந்து போய்விட்டது. நாடா நன்றாக இருந்தும் அதை ஓட்டக் கருவி இல்லாத நிலைமைதான் இனி அதிகம் வரும்.

இப்போது பூஞ்சை. வெள்ளையாகப் பூத்திருக்கும் கேசட்டை எந்தக் காரணத்துக்காகவும் வி.சி.ஆரில் போட்டுப் பார்க்காதீர்கள். பூஞ்சைத் தூள் சுழலும் ஹெட்டில் ஒட்டும். அடுத்து அதே கருவியில் போடும் நல்ல கேசட்டிலும் அது பரவும். ஒட்டிக்கொண்ட இடத்தில் நாடா கிழியவும் கூடும். அந்தக் கேசட்டை மற்ற இரண்டிலிருந்தும் பிரித்து, காற்றோட்டமான உலர்ந்த இடத்தில் நிமிர்த்தி வையுங்கள். வெயிலில் காய வைக்க வேண்டாம். ஈரத்தோடு பிளாஸ்டிக் பையில் போட்டுக் கட்டினால் பூஞ்சைக்கு நாமே தீனி போட்டதாகிவிடும். புதுச் செருப்புப் பெட்டியில் வருமே, சிலிக்கா ஜெல் பொட்டலம், அது நான்கைந்து பக்கத்தில் இருந்தால் நல்லது. பாச்சை உருண்டை வேண்டாம். அதன் ஆவி பிளாஸ்டிக்குக்கு ஆகாது. கேசட்டைத் திறந்து துணியால் துடைக்கும் வேலையையும் வீட்டில் செய்யாதீர்கள். அந்தத் தூளை மூச்சில் இழுப்பது உடம்புக்குக் கெடுதல். இந்த வேலைக்கென்றே ஒதுக்கிய கருவியில் நாடாவை மெதுவாக ஓட்டித் துடைத்துச் சுத்தம் செய்பவர்கள் இருக்கிறார்கள். அவர்களிடம்தான் அது போக வேண்டும்.

மூன்று கேசட்டிலும் இன்றே ஒன்றைப் பாருங்கள். கேசட்டின் முதுகில், லேபிள் ஒட்டும் பக்கத்து ஓரத்தில், சிறிய பிளாஸ்டிக் தகடு ஒன்று இருக்கும். அது இருக்கும்வரை அந்தக் கேசட்டின் மேல் புதிதாகப் பதிவு செய்ய முடியும். யாராவது தெரியாமல் ரெக்கார்டு பொத்தானை அழுத்தினால் போதும், கர்ணன் போய்விடுவார். அதை ஸ்க்ரூ டிரைவர் நுனியால் நெம்பி உடைத்துவிடுங்கள். உடைந்த பின் கேசட் வழக்கம்போல ஓடும். அதன் மேல் எழுத மட்டும் முடியாது.

இனி டி.வி.யில் வரும் கோளாறுகள். நீங்கள் சொன்ன மூன்றும் ஒரே கோளாறு போலத் தோன்றினாலும் காரணம் வேறு வேறு.

சத்தம் வந்து படம் வராத கோப்பு பெரும்பாலும் கெட்டுப்போனது அல்ல. கோப்பின் பெயரில் எம்பி4 என்று இருப்பது வெறும் டிபன் கேரியர்தான். உள்ளே சாம்பாரா ரசமா என்பதை அது சொல்லாது. உள்ளே படத்தை எந்த முறையில் சுருக்கி வைத்திருக்கிறார்கள் என்பதே முக்கியம். 2003-இல் வந்த எச்.264 முறையை அநேகமாக எல்லா டி.வி.யும் போனும் படிக்கும். 2013-இல் வந்த எச்.265 முறையைப் பழைய டி.வி.களால் படிக்க முடியாது; சத்தத்தை எடுத்துக்கொண்டு படத்தை விட்டுவிடும். கோப்பின் அளவு குறையுமே என்று கடையில் எச்.265 போட்டிருக்கலாம். அல்லது எச்.264-லேயே, வண்ணத் தகவலைக் கூடுதலாக வைத்திருக்கும் தொழில்முறை வகையைப் போட்டிருக்கலாம்; பெயர் அதே எச்.264 என்றாலும் பல டி.வி.களும் போன்களும் அதில் கறுப்புத் திரையைத்தான் காட்டும். கணினியில் விஎல்சி பிளேயரை நிறுவி அதில் போட்டுப் பாருங்கள். இலவசம்; பாரிஸில் ஒரு பொறியியல் கல்லூரி மாணவர்கள் 1996-இல் தொடங்கிய வேலை அது. இந்த முறைகள் எல்லாவற்றையும் படிக்கும். அதில் படம் வந்தால் கோப்புக்கு ஒன்றும் ஆகவில்லை என்று நிம்மதி அடையலாம். டி.வி.க்கென்று தனியாக ஒரு பிரதி எடுத்துக்கொண்டால் போதும்.

முகம் அகன்று தெரிவதும் சின்ன விஷயம். அந்தக் காலத்துப் படம் 4:3 அளவில் எடுத்தது. இன்றைய டி.வி. அதை 16:9 திரை முழுக்க இழுத்துப் போடுகிறது. ரிமோட்டில் படத்தின் அளவை 4:3 என்று வைத்தால் இரு பக்கமும் கறுப்புப் பட்டை வரும், முகம் முகமாக இருக்கும். கறுப்புப் பட்டையைப் பார்த்து வீட்டில் யாராவது குறை சொன்னால் விட்டுக்கொடுக்காதீர்கள். கர்ணன் போன்ற வீரர்களுக்குரிய கட்டைவேடத்தில் புஜக்கட்டையும் கிரீடமும் சேர்ந்து ஆளுக்குத் தருகிற உயரமும் கம்பீரமும், படத்தை இழுத்தால் முதலில் போய்விடுகின்றன.

பிசிறுக் கோடுகளைப் பற்றித்தான் எனக்குக் கவலை. கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் உங்கள் பென் டிரைவில் இருப்பது காப்பாற்றத் தகுந்ததா என்பதை இதை வைத்துத்தான் சொல்ல முடியும். நம் நாட்டில் அந்நாளில் இருந்தது பால் (PAL) என்ற தொலைக்காட்சி முறை. அதில் கண்ணுக்குத் தெரியும் வரிகள் 576. கேமரா அவற்றை ஒரே மூச்சில் பிடிக்காது. முதலில் ஒற்றைப்படை வரிகள், நொடியில் ஐம்பதில் ஒரு பங்கு கழித்து இரட்டைப்படை வரிகள். ஆக, நொடிக்கு ஐம்பது அரைப்படங்கள். பழைய குழாய் டி.வி. அவற்றை அதே வரிசையில் காட்டியதால் கண்ணுக்கு எதுவும் உறுத்தவில்லை. இன்றைய திரை இரண்டு அரைப்படங்களையும் ஒன்றாகச் சேர்த்துக் காட்டுகிறது. அந்த இடைவெளியில் உங்கள் அப்பாவின் கை நகர்ந்துவிட்டது. ஆகவே ஒற்றை வரியில் கை ஓரிடத்திலும் இரட்டை வரியில் வேறிடத்திலும் நிற்கிறது. பிசிறு என்று நீங்கள் பார்ப்பது அதைத்தான். அசையாமல் நிற்கும்போது அது தெரியாது, சுழலும்போது மட்டும் தெரியும்.

இது பதிவின் குறை இல்லை, இயல்பு. விஎல்சியில் வீடியோ மெனுவில் டீஇன்டர்லேஸ் என்பதை இயக்கி, முறையை யாடிஃப் 2எக்ஸ் என்று வைத்துப் பாருங்கள். கோடுகள் மறைந்து ஆட்டம் வழுவழுவென்று ஓடினால் உங்கள் கோப்பில் ஐம்பது அரைப்படங்களும் பத்திரமாக இருக்கின்றன. அப்படியும் கோடுகள் மறையாவிட்டால், கடையில் அரைப்படங்களைப் பிரிக்காமலே படத்தைப் பெரிதாக்கியோ சிறிதாக்கியோ இருக்கிறார்கள் என்று பொருள். அப்போது இரண்டு நேரத்துக் காட்சிகள் ஒன்றுக்குள் ஒன்று கலந்துவிட்டன. எந்த மென்பொருளாலும் அவற்றைச் சுத்தமாகப் பிரிக்க முடியாது. கேசட்டிலிருந்து மறுபடி எடுப்பதுதான் வழி.

இதைக் கண்டுபிடிக்க இன்னொரு வழியும் உண்டு. மீடியாஇன்ஃபோ என்ற இலவச மென்பொருளில் கோப்பைத் திறந்தால் அதன் ஜாதகம் முழுவதும் வரும். அதில் உயரம் 576 என்றும் நொடிக்கு 25 படங்கள் என்றும் இருந்தால் நல்லது. உயரம் 1080 என்று இருந்தால் எச்.டி. ஆக்கித் தருகிறோம் என்று சொல்லி வெறுமனே இழுத்துப் பெரிதாக்கியிருக்கிறார்கள். வி.எச்.எஸ். நாடாவில் அவ்வளவு விவரம் இருக்கவே இருக்காது. உயரம் 480, நொடிக்கு 29.97 படங்கள் என்று இருந்தால், கணினியில் செருகும் பதிவுக் கருவியை அமெரிக்க முறையான என்டிஎஸ்சி அமைப்பிலேயே விட்டுவிட்டார்கள். அப்படி எடுத்தால் வரிகள் குறையும், ஆட்டம் தத்தித் தத்தி ஓடும், சில வேளை வண்ணமே போய்விடும். இந்த இரண்டு எண்களைப் பார்க்க ஒரு நிமிடம் போதும். பணம் கொடுப்பதற்கு முன்பு கடையிலேயே பார்த்துவிட வேண்டியவை இவை.

இப்போது மலேசியாவுக்கு அனுப்பிய கதை. வாட்ஸ்அப்பில் வீடியோவாக அனுப்பினால் அது படத்தைப் புதிதாகச் சுருக்கித்தான் அனுப்பும். பகல் வெளிச்சத்தில் எடுத்த செல்போன் படம் அதைத் தாங்கும். டியூப் லைட் வெளிச்சத்தில் எடுத்த இரவுக் கூத்து தாங்காது. நாடாவில் இருட்டுப் பகுதி முழுக்கப் புள்ளி புள்ளியாக இரைச்சல் இருக்கும். சுருக்கும் மென்பொருள் அந்த இரைச்சலையும் காட்சி என்று எண்ணி அதற்கே இடத்தைச் செலவழித்துவிடும். முகத்து அரிதாரத்தின் கோடுகளுக்கும் கிரீடத்துக் கண்ணாடிச் சில்லுகளின் மினுக்கத்துக்கும் மிச்சம் எதுவும் இருக்காது. சுழன்று ஆடும் இடத்தில் எல்லாம் கட்டம் கட்டமாக உடையும். உங்கள் சித்தப்பா மகன் அதைச் சேமித்து வேறொருவருக்கு மறுபடி வீடியோவாக அனுப்பினால் மீண்டும் ஒரு சுருக்கம். குடும்பத்துக் குழுக்களில் சுற்றும் பழைய கல்யாணப் படங்கள் ஆளே தெரியாமல் போவது இப்படித்தான். போன விவரம் போனதுதான், திரும்பி வராது.

அதே வாட்ஸ்அப்பில் வீடியோ என்று அனுப்பாமல், டாக்குமென்ட் என்பதைத் தேர்ந்து கோப்பை இணைத்தால் அது சுருக்காமல் அப்படியே போகும். 2 ஜிபி வரை அனுப்பலாம். மூன்று மணி நேரப் பதிவை நன்றாகத் தெரியும் தரத்தில் எடுத்தால் 5 ஜிபியைத் தாண்டும். ஆகவே மூன்று நான்கு பகுதிகளாகப் பிரித்து அனுப்புங்கள். அல்லது கூகுள் டிரைவில் ஏற்றி லிங்க் கொடுங்கள். லிங்க் வாங்கியவர் அங்கேயே பார்க்காமல், இறக்கிக்கொண்டு பார்க்க வேண்டும் என்று சொல்லிவிடுங்கள். இணையத்தில் வைத்தபடியே ஓட்டினால் கூகுள் தன் வசதிக்குச் சுருக்கிய வடிவத்தைத்தான் காட்டும்.

திறக்காத கோப்பு அநேகமாகப் பாதியில் நின்ற கோப்பு. எம்பி4 கோப்பில் எந்தக் காட்சி எங்கே இருக்கிறது என்ற அட்டவணை பெரும்பாலும் கடைசியில் எழுதப்படும். இணைய இணைப்பு அறுந்து கடைசிப் பகுதி வராமல் போனால், முக்கால்வாசி வந்திருந்தும் ஒரு காட்சிகூட ஓடாது. உங்கள் கணினியிலும் அவர் கணினியிலும் கோப்பின் மேல் வலது கிளிக் செய்து, அளவை பைட் கணக்கில் கடைசி இலக்கம் வரை ஒப்பிடுங்கள். வேறுபட்டால் மறுபடி இறக்கச் சொல்லுங்கள். அதைவிட உறுதியான சோதனை ஷா-256. இரண்டு பேர் கணினியிலும் செவன்-ஜிப் என்ற இலவச மென்பொருள் இருந்தால், வலது கிளிக்கிலேயே 64 எழுத்துகள் கொண்ட ஒரு குறியீட்டைக் கணக்கிட்டுத் தரும். கோப்பில் ஒரே ஒரு பிட் மாறினாலும் குறியீடு முற்றிலும் மாறிவிடும். ஒத்துப்போனால் இரண்டும் ஒன்றே. இந்தக் குறியீட்டை ஒரு நோட்டில் அல்ல, கோப்புக்குப் பக்கத்திலேயே ஒரு சிறு உரைக்கோப்பாகச் சேமியுங்கள். ஐந்து வருடம் கழித்துக் கோப்பு சிதைந்திருக்கிறதா என்று பார்க்கவும் அதுவே உதவும்.

யூடியூப் பற்றி. போடட்டும், தாராளமாகப் போடட்டும். ஊர் ஊராகச் சிதறிக் கிடக்கும் சொந்தங்களும், கூத்து கற்றுக்கொள்ளும் பிள்ளைகளும் பார்க்க அதைவிட எளிய வழி இல்லை. ஆனால் அது பார்ப்பதற்கான இடம், காப்பதற்கான இடம் அல்ல. ஏற்றிய உடனே அது படத்தைத் தன் முறையில் சுருக்கிவிடும். கணக்கு முடங்கினால் எல்லாம் போச்சு. கூத்து தொடங்குவதற்கு முன் ஒலிபெருக்கியில் ஓடிய சினிமாப் பாட்டு இரண்டு நிமிடம் பதிவாகியிருந்தால்கூட, அதைத் தானாகவே கண்டுபிடித்து அந்தப் பகுதியை ஊமையாக்கலாம், சில நாடுகளில் தடுக்கலாம். அங்கே இருக்கிறதே என்று இங்கே இருப்பதை அழித்தவர்கள் பலர் என்னிடம் வந்திருக்கிறார்கள். அவர்களுக்கு என்னால் ஒன்றும் செய்ய முடிந்ததில்லை. பொதுவெளியில் வைக்கவே விரும்பினால் இன்டர்நெட் ஆர்க்கைவையும் பாருங்கள். 1996-இல் சான்ஃபிரான்சிஸ்கோவில் தொடங்கிய லாப நோக்கற்ற அமைப்பு அது. பார்ப்பதற்கு ஒரு வடிவத்தைத் தயாரித்துக்கொண்டாலும், நீங்கள் ஏற்றிய மூலக் கோப்பையும் அப்படியே வைத்திருக்கும்.

எதில் போடுவதானாலும், அந்தக் கூத்தில் ஆடியவர்களிடமும் வாசித்தவர்களிடமும், மறைந்திருந்தால் அவர்கள் குடும்பத்திடமும், ஒரு வார்த்தை கேட்டுவிட்டுப் போடுங்கள். ஒரு ஜமா சேர்ந்து விடிய விடிய உழைத்தது அது.

காப்பதற்கான பிரதி எப்படி இருக்க வேண்டும் என்று சொல்கிறேன். அடுத்த முறை கொடுக்கும்போது இந்தத் தாளையே காட்டுங்கள். படம் பால் முறையில், 720-க்கு 576, அரைப்படங்கள் அப்படியே இருக்க வேண்டும். சுருக்குவதானால் எதையும் இழக்காத எஃப்எஃப்வி1 முறையில் சுருக்கி எம்கேவி கோப்பாகத் தர வேண்டும்; உலகின் பல காப்பகங்கள் பயன்படுத்தும் முறை அது. ஒரு மணி நேரத்துக்கு ஏறத்தாழ 30 முதல் 40 ஜிபி ஆகும். இத்தனை பெரிதா என்று மலைக்க வேண்டாம். உங்கள் மூன்று கேசட்டுகளும் மூன்று மணி நேர வகையாகவே இருந்தாலும், எல்லாம் சேர்ந்து ஒரு டெராபைட் வட்டில் பாதியைக்கூடத் தாண்டாது. அந்த வசதி இல்லாத கடை என்றால், மணிக்குச் சுமார் 13 ஜிபி ஆகும் டிஜிட்டல் வீடியோ (DV) வகை ஏவிஐ கோப்பு இரண்டாவது நல்ல தேர்வு. சத்தத்தைச் சுருக்காமல் எடுக்கச் சொல்லுங்கள். முகவீணை என்ற சிறு ஊதுகருவியின் கீச்சுக் குரல் இரைச்சல் நீக்கும் மென்பொருளுக்கு இரைச்சலாகவே தோன்றும். சுத்தம் செய்கிறேன் என்று அதையும் சேர்த்துத் துடைத்துவிடுவார்கள். கடைப்பெயர், பின்னணி இசை, பூப்பூவாக விரியும் தொடக்கக் காட்சி எதுவும் வேண்டாம் என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள். செயற்கை நுண்ணறிவால் முகத்தைத் தெளிவாக்குகிறோம் என்று சொன்னால், பார்ப்பதற்கான பிரதியில்கூட நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். மங்கிய இடத்தில் அது இல்லாத முகத்தை வரைந்து வைக்கும். உங்கள் அப்பாவுக்கு வேறொருவர் கண்ணும் வாயும் வந்து சேரும்.

இந்தப் பெரிய கோப்பை யாருக்கும் அனுப்பாதீர்கள், அதில் எந்தத் திருத்தமும் செய்யாதீர்கள். டி.வி.க்கும் போனுக்கும் சொந்தங்களுக்கும் வேண்டியதை அதிலிருந்து ஹேண்ட்பிரேக் என்ற இலவச மென்பொருளில் எச்.264 எம்பி4 ஆக எடுத்துக்கொள்ளுங்கள். அப்போது டீஇன்டர்லேஸ் பகுதியில் பாப் என்பதைத் தேர்ந்தால் நொடிக்கு ஐம்பது முழுப்படங்கள் கிடைக்கும். இருபத்தைந்தாகக் குறைத்தால் சுழற்சியின் வேகம் கண்ணில் தட்டும்.

பென் டிரைவை நம்பாதீர்கள். கையில் எடுத்துக்கொண்டு போக அது நல்லது. வருடக்கணக்கில் அலமாரியில் கிடந்தால் உள்ளே சேமித்த மின்னேற்றம் கசியும், ஒரு நாள் செருகும்போது ஃபார்மட் செய்யவா என்று கேட்கும். இரண்டு வேறு நிறுவனங்களின் ஹார்டு டிஸ்க் வாங்கி இரண்டிலும் நகல் வையுங்கள். ஒன்று உங்கள் வீட்டில் இருக்கட்டும், மற்றொன்று வேறு ஊரில் இருக்கட்டும். மலேசியாவில் இருந்தால் இன்னும் நல்லது. இரண்டையும் பொங்கலுக்குப் பொங்கல் செருகி, ஷா-256 குறியீட்டைச் சரிபாருங்கள். புதிய டிஸ்க்குக்கு மாற்றும் செலவை ஐந்தாறு ஆண்டுக்கு ஒருமுறை ஏற்றுக்கொள்ளத்தான் வேண்டும். டி.வி.யில் போடும் பென் டிரைவ் பழைய ஃபேட்32 அமைப்பில் இருந்தால் 4 ஜிபிக்கு மேற்பட்ட கோப்பை ஏற்காது. டிரைவில் இடம் இருந்தும் நகல் ஆகவில்லை என்றால் காரணம் அதுதான்.

விசிடிக்கு வருகிறேன். அதைத் திறந்தால் எம்பிஇஜிஏவி என்ற ஃபோல்டருக்குள் .டேட் என்று முடியும் கோப்பு இருக்கும். வட்டின் மற்றப் பகுதிகளைவிடப் பிழைதிருத்தம் குறைவான முறையில் அது எழுதப்பட்டிருப்பதால், சிறு கீறல் இருந்தாலும் விண்டோஸ் நகல் எடுக்காமல் நின்றுவிடும். அடிப்பக்கத்தை மெல்லிய பருத்தித் துணியால் நடுவிலிருந்து விளிம்பை நோக்கி நேராகத் துடையுங்கள், வட்டமாகத் துடைக்க வேண்டாம். விஎல்சியில் திறந்து பாருங்கள். ஓடாவிட்டால் வேறொரு டிரைவில் போட்டுப் பாருங்கள். ஒன்று படிக்காததை இன்னொன்று படிப்பதுண்டு. படம் 352-க்கு 288தான், கேசட்டைவிட மோசம். ஆனாலும் அது எந்தக் கேசட்டிலிருந்து எடுத்தது என்று தெரிந்த பிறகு முடிவு செய்யுங்கள். இன்று கையில் இல்லாத நான்காவது கேசட்டின் நகலாக அது இருந்தால், உலகத்தில் அதற்கு அது ஒன்றே ஆதாரம்.

இன்னொரு வேலை இருக்கிறது. தொழில்நுட்பம் ஒன்றும் அதில் இல்லை, ஆனால் நான் மிகவும் வற்புறுத்துவது அதைத்தான். கோப்பின் பெயர் வீடியோ001 என்று இருந்தால், இருபது வருடம் கழித்து அதைத் திறப்பவருக்குக் கர்ணன் யார் என்று தெரியும், கூத்தாடியவர் யார் என்று தெரியாது. எந்த ஊர்த் திருவிழா, எந்த ஆண்டு, எந்த மாதம், பாரதக் கூத்தில் எத்தனையாவது இரவு, கட்டியங்காரனாக வந்தவர் யார், அர்ச்சுனன் யார், பெண் வேடம் கட்டியவர் யார், ஹார்மோனியம், மிருதங்கம், முகவீணை, தாளம் யார் யார், படம் எடுத்தவர் யார் என்று எழுதி வையுங்கள். அப்பாவோடு ஆடியவர்களில் இன்று இருப்பவர்களை வீட்டுக்கு அழைத்துப் படத்தைப் போட்டுக் காட்டுங்கள். அவர்கள் பேசுவதை அப்படியே போனில் பதிவு செய்யுங்கள். எந்த இடத்தில் பாட்டை நீட்டினார், எந்த இடத்தில் அன்றைக்கு மட்டும் புதிதாக ஒரு வசனம் சேர்த்தார், எந்த வாத்தியாரிடம் அந்த அடவைக் கற்றார் என்று அவர்கள் சொல்வது நாடாவில் இல்லாத செய்தி. கேசட் லேபிளையும் உறையில் கிறுக்கியிருப்பதையும் படம் பிடித்து அதே ஃபோல்டரில் போடுங்கள். இதற்கு வி.சி.ஆர். கிடைக்கும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. குறையுள்ள இன்றைய கோப்பே போதும். அந்தப் பெரியவர்களின் வயதை எண்ணிப் பார்த்தால், கேசட்டுக்கு முன்னால் செய்ய வேண்டியது இது என்றுகூடச் சொல்வேன்.

நல்ல பிரதி கைக்கு வந்ததும், விவரங்களோடு சேர்த்து ஒரு நகலைக் காப்பகம் ஒன்றுக்கு அளிப்பதைக் குடும்பத்தில் பேசிப் பாருங்கள். டெல்லியில் சங்கீத நாடக அகாடமியிடம் ஒலி-ஒளிப் பதிவுகளின் காப்பகம் இருக்கிறது. 1982-இல் தொடங்கிய அமெரிக்க இந்திய ஆய்வு நிறுவனத்தின் இசையியல் காப்பகம் குருகிராமில் இயங்கி வருகிறது. யார் பார்க்கலாம், எந்த நிபந்தனையில் பார்க்கலாம் என்பதை எழுத்தில் பேசி முடித்த பிறகு கொடுங்கள்.

பென் டிரைவில் இருப்பதை இன்றைக்கே ஒரு ஹார்டு டிஸ்க்கில் நகல் எடுத்துவிடுங்கள். குறையுள்ளதானாலும் இப்போதைக்கு ஓடுவது அது ஒன்றுதான். பிறகு பூஞ்சை இல்லாத இரண்டு கேசட்டுகளில் எது முக்கியத்துவம் குறைந்ததோ அதை மட்டும் முதலில் கொடுங்கள். தபாலில் அனுப்பாதீர்கள், நேரில் கொண்டுபோங்கள். கோப்பு வந்ததும் மீடியாஇன்ஃபோவில் 576, 25 என்ற இரண்டு எண்களையும், விஎல்சியில் ஆட்டம் பிசிறில்லாமல் ஓடுவதையும் பார்த்த பிறகே அடுத்த கேசட்டைக் கையை விட்டுக் கொடுங்கள். பூஞ்சை பிடித்த கேசட் கடைசியில் போகட்டும்.